‘த ரீட்’ பொட்காஸ்ட்: மாங்குளம் பஸ்ஸில் கேட்கும் நியூயோர்க் விடுப்பு

பாடகி பியோன்சேயையும் அவருடைய மகள் புளூ ஐவியையும் தவிர வேறெந்த நட்சத்திரமும் தங்கள் வாயிலிருந்து தப்ப முடியாது என்று அறிமுகக் குறிப்பிலேயே எழுதி வைத்துக்கொண்டு தொடங்கிய நிகழ்ச்சி ‘த ரீட்’. கிட் ஃபியூரி, கிரிசெல் வெஸ்ட் என்ற இரு நண்பர்கள் 2013இல் ஆரம்பித்த இந்த ஆங்கிலப் பொட்காஸ்ட், அமெரிக்கப் பாடகர்களையும் நடிகர்களையும் தொலைக்காட்சிப் பிரபலங்களையும் பற்றி வாரந்தோறும் விடுப்பு, அதாவது ஊர்வம்பு, கதைக்கும் நகைச்சுவை நிகழ்ச்சியாகும். இருவரும் கறுப்பினத்தவர்கள், இருவரும் பால்புதுமையர், அதாவது பாலினத்திலோ பாலீர்ப்பிலோ பெரும்பான்மையினரிலிருந்து வேறுபட்டவர்கள். கிட் ஃபியூரி மயாமியிலிருந்தும் கிரிசெல் ஒக்லஹோமா நகரிலிருந்தும் நியூயோர்க்குக்கு வந்தவர்கள். அந்தப் பெருநகரத்து வாழ்க்கைக்கும் அங்குள்ள எலிகளுக்கும் பழகிக்கொள்ள முயலும் இரு சிநேகிதர்கள் மனப்பாரத்தை இறக்கிவைக்கும் இடம் இது என்றும் அதே குறிப்பு சொல்கிறது. விறாந்தையில் நெல் மூட்டை அடுக்கி வைத்திருக்கும் வீட்டில் வாழ்கிறவளாகிய எனக்கு, எலி என்ற சொல்லைக் கண்டதுமே நிகழ்ச்சியின்மீது பாதி நம்பிக்கை வந்துவிட்டது.

நான் கிளிநொச்சியில் இருக்கிறேன். மாங்குளத்திலிருந்து ஒட்டுசுட்டான் போகும் வீதியிலுள்ள ஒரு பாடசாலையில் ஆங்கிலம் கற்பிக்கிறேன். காலையில் ஒரு பஸ், மாங்குளம் சந்தியில் இறங்கி இன்னொரு பஸ், மாலையில் அதே இரண்டு பஸ்ஸும் எதிர்த்திசையில் என்று ஒரு நாளில் ஏறத்தாழ மூன்று மணித்தியாலங்கள் யன்னலோரத்தில் கழிகின்றன. சாரதியின் விருப்பப் பாடல்களை ஆறு வருடங்கள் கேட்ட பிறகு, காதுக்கு வேறேதாவது கொடுக்கலாம் என்று தோன்றியது. ரொறன்ரோவில் இருக்கும் என் மச்சாள்தான் இந்த நிகழ்ச்சியின் இணைப்பை அனுப்பினாள். “கேட்டுப் பாரடி. உன்ரை அம்மம்மாவுக்கு இங்கிலீசு தெரிஞ்சிருந்தா இப்பிடித்தான் கதைச்சிருப்பா” என்று ஒரு குரற்செய்தியும் வைத்திருந்தாள். விமர்சனமாக எழுதப்பட்ட எதையும்விட அந்த ஒரு வரி நிகழ்ச்சியைத் துல்லியமாகச் சொல்லிவிட்டது என்பதை இரண்டாவது வாரத்தில் புரிந்துகொண்டேன்.

எங்கள் அம்மம்மா பாக்கு வெட்டிக்கொண்டே ஆளைத் தூக்கிப் போடுகிறவர். கலியாண வீடொன்றில், வெளிநாட்டிலிருந்து வந்திருந்த உறவுக்காரர் ஒருவர் இரவு எட்டு மணிக்கும் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றாமல் சபையில் அமர்ந்திருந்தார். அம்மம்மா பாக்குவெட்டியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “தம்பிக்கு மட்டும் இன்னும் பொழுது படேல்லைப் போல” என்றார், அவ்வளவுதான். அந்த மனிதர் கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப் பையில் வைத்தது எனக்கு இன்றைக்கும் கண்ணுக்குள் நிற்கிறது. திட்டவில்லை, குரலை உயர்த்தவில்லை, உண்மையல்லாத எதையும் சொல்லவுமில்லை.

இதற்குத்தான் ‘ரீட்’ என்று பெயர். ஒருவரை வாசிப்பது என்பது, அவர் மறைத்துவிட்டதாக நினைத்துக்கொண்டிருக்கும் ஒன்றை ஊர் பார்க்க எடுத்து வாசித்துக் காட்டுவதாகும். இன்று இணையம் முழுவதும் புழங்குகிற இந்தச் சொல், நியூயோர்க்கின் ஹார்லெம் பகுதியில் கறுப்பின, லத்தீன் அமெரிக்கப் பால்புதுமையர் நடத்திய அலங்கார அணிவகுப்புப் போட்டிகளிலிருந்து வந்தது. வெள்ளையர் ஆதிக்கத்தில் நடந்த அழகிப் போட்டியில் நீதி கிடைக்கவில்லை என்று வெகுண்டு 1967இல் மேடையை விட்டு வெளியேறிய கறுப்பினப் பெண்வேடக் கலைஞர் கிறிஸ்டல் லபேஜா, சில ஆண்டுகளின் பின் தன் பெயரிலேயே ஒரு ‘வீட்டை’ அமைத்தார். அத்தகைய வீடுகளுக்கு ஒரு தாய் இருப்பார். பெற்றோர் துரத்திவிட்ட பிள்ளைகள் அவரிடம் வந்து சேர்வார்கள். எங்கள் திருநங்கையரிடத்தில் தத்தெடுத்துத் தாய், மகள் என்று உறவு கொண்டாடும் வழக்கம் இருப்பதை அறிந்தவர்களுக்கு இதை அதிகம் விளக்க வேண்டியதில்லை.

அந்த வட்டத்தின் மூத்தவர்களில் ஒருவரான டோரியன் கோரி, 1990இல் வெளிவந்த ஓர் ஆவணப்படத்தில் வாசிப்பின் இலக்கணத்தைச் சொல்லியிருக்கிறார். வெளியாள் ஒருவர் உங்களை இகழ்ந்து, நீங்கள் அவரைத் திருப்பி இகழ்ந்தால் அது வெறும் சண்டை. நீங்கள் இருவரும் ஒரே வகையினராக இருக்கும்போது, பொதுவான இழிசொல் எதுவும் செல்லுபடியாகாது என்பதால், நுணுக்கமாகப் பார்த்து எடுத்தாக வேண்டும், அங்கேதான் வாசிப்புத் தொடங்குகிறது என்பது அவர் கருத்தின் சாரம். அதைவிட நுட்பமானது, எதையுமே வெளிப்படையாகச் சொல்லாமல் கேட்பவருக்கே விளங்கவிடும் ‘ஷேட்’. இதற்கு நாங்கள் நியூயோர்க்குக்குப் போக வேண்டியதில்லை. தொண்டைமானிடம் தூது போன ஔவையார், உன் ஆயுதங்கள் மயிற்பீலி சூடி நெய் பூசிக் காவல் மாளிகையில் அழகாக இருக்கின்றன, எங்கள் அதியமானுடையவையோ நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்று சொன்ன புறநானூற்றின் 95ஆம் பாட்டு, தமிழில் எழுதப்பட்ட மிகச் சிறந்த ‘ஷேட்’ என்பேன். எங்கள் இலக்கணக்காரர் அதற்கு வஞ்சப்புகழ்ச்சி என்று பெயர் வைத்தார்கள். தொண்டைமானும் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றியிருப்பான்.

நிகழ்ச்சியின் அமைப்பு எளிமையானது. முதலில் ‘பிளாக் எக்ஸலன்ஸ்’ என்ற பகுதியில், எதையாவது சாதித்த கறுப்பினத்தவர் ஒருவரைப் பாராட்டுவார்கள். அடுத்து ‘ஹொட் டொப்ஸ்’, அதாவது அந்த வாரத்து நட்சத்திர விடுப்பு. பிறகு நேயர் கடிதங்கள். கடைசியில், நிகழ்ச்சிக்குப் பெயர் கொடுத்த ‘ரீட்’: அந்த வாரம் தங்களை எரிச்சலூட்டிய ஒருவரையோ ஒன்றையோ எடுத்து, இருவரும் தனித்தனியே கிழித்துத் தொங்கவிடும் பகுதி. பாராட்டில் தொடங்கி வசையில் முடிகிற இந்த வரிசை தற்செயலானதென்று எனக்குத் தோன்றவில்லை. சபைக்கு வணக்கம் சொல்லிவிட்டுத்தான் எங்கள் கூத்துக்காரரும் வேலையைத் தொடங்குவார்கள்.

விடுப்புப் பகுதியைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. அமெரிக்க இசையுலகைப் பின்தொடராத ஒருவருக்கு அதில் வரும் பெயர்களில் பாதிக்குமேல் தெரியாது. யார் யாரோடு கோபித்துக்கொண்டார், யாருடைய புதிய இசைத்தொகுப்பு ஏமாற்றிவிட்டது என்பவையெல்லாம் மாங்குளம் சந்தியில் நிற்கும்போது நிலவைப் பற்றிய செய்திபோலக் கேட்கின்றன. இருந்தும் நான் அந்தப் பகுதியைத் தாண்டிவிடுவதில்லை. கதையில் வருகிற ஆட்கள் தெரியாவிட்டாலும் கதை சொல்கிற ஆட்கள் தெரிந்தவர்களாகிவிட்டார்கள். கிட் ஃபியூரி குரல் மாற்றிப் பேசுவதில் வல்லவர். ஒரு வசனத்தின் நடுவில் திடீரென்று வேறொரு பாத்திரமாகி, பாதி பாடி, பிறகு எதுவும் நடக்காததுபோலத் தன் சோம்பலான குரலுக்குத் திரும்பிவிடுவார். கிரிசெல் நேரே வருகிறவர். அவருடைய கோபம் மெதுவாகச் சூடேறி, அடுக்கு வசனமாகி, மூச்சுவிட இடமில்லாமல் ஓடி, கடைசியில் அவருக்கே சிரிப்பு வந்து உடையும். ஒருவர் கோபப்படும்போது மற்றவர் இடையிடையே “ம்” கொட்டுவதையும், சரியான இடத்தில் ஒரு சொல்லை மட்டும் எடுத்துக் கொடுப்பதையும் கேட்டால், வில்லுப்பாட்டின் பக்கப்பாட்டுக்காரரை நினைக்காமல் இருக்க முடியாது.

கிரிசெல் கதை சொல்லும் விதத்துக்கு இந்த நிகழ்ச்சிக்கு வெளியிலும் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. மதுபோதையில் வரலாறு சொல்ல வைக்கும் அமெரிக்கத் தொலைக்காட்சி நகைச்சுவை நிகழ்ச்சியொன்றில், அடிமைத்தளையிலிருந்து தப்பிப் பிறரையும் தப்புவித்த ஹரியற் டப்மனின் கதையை அவர் சொன்னார். 1863 ஜூன் மாதத்தில் தென் கரோலினாவின் கொம்பாகீ ஆற்றுக் கரையில், டப்மனின் வழிகாட்டலில் நடந்த படைநடவடிக்கை எழுநூறுக்கும் மேற்பட்ட அடிமைகளை விடுவித்தது. பாடப்புத்தகம் மூன்று வரியில் உலர்த்திப் போடுகிற ஒரு செய்தியை, பக்கத்து வீட்டு அக்காவின் வீரப்பிரதாபம்போல அவர் சொல்லக் கேட்டபோது, நகைச்சுவைக்காரரிடம் வரலாற்றை ஒப்படைத்தால் கெட்டுப்போகும் என்ற என் ஆசிரியப் பயம் கொஞ்சம் தணிந்தது.

‘த ரீட்’ நிகழ்ச்சியின் உயிர் நேயர் கடிதங்களில் இருக்கிறது என்பது என் அபிப்பிராயம். வாடகையில் தன் பங்கைக் கொடுக்காத அறைத்தோழர், விட்டுப் பிரிய மனம் வராத காதலர், தேவாலயத்தில் முன்வரிசையில் அமரும் தாயிடம் தன் இயல்பைச் சொல்ல முடியாத பிள்ளை என்று, சிரிப்புக்குரியதும் கண்ணீருக்குரியதும் கலந்து வருகின்றன. எங்கள் பத்திரிகைகளின் கேள்வி பதில் பகுதிகளில், இத்தகைய ஒரு கடிதம் தப்பித்தவறி அச்சேறினால், மனதை அலைபாய விடாதே, படிப்பில் கவனம் செலுத்து, காலம் மாற்றும் என்று ஒரு தாத்தா பதில் சொல்வார். இவர்கள் இருவரும் அப்படிச் சொல்வதில்லை. கடிதம் எழுதியவரையே முதலில் ஒரு பிடி பிடிப்பார்கள்: ஏன் இத்தனை நாள் பொறுத்துக்கொண்டிருந்தாய், உனக்குக் கண் இல்லையா என்று. அந்தப் பிடியில் ஓர் உரிமை இருக்கும். அதன் பிறகுதான் குரல் தாழ்ந்து, நடக்கக்கூடிய வழி என்னவென்று இருவரும் யோசிப்பார்கள். வீட்டில் சொல்வதற்கு முன் கையில் கொஞ்சம் காசும் தங்க ஓர் இடமும் இருக்கிறதா என்று பார்த்துக்கொள் என்பது போன்ற, அனுபவித்தவருக்கு மட்டுமே தோன்றக்கூடிய அறிவுரைகள் அந்த இடத்தில் வரும்.

உளவளத்துணையைப் பற்றி இவர்கள் பேசும் விதம் எனக்குத் தனியாகப் பிடித்தது. கிட் ஃபியூரி தன் மனச்சோர்வு நோயைப் பற்றி வெளிப்படையாகவே பேசி வந்திருக்கிறார். இருவரும் நேயர்களைத் திரும்பத் திரும்ப உளவளத்துணையாளரிடம் போகச் சொல்கிறார்கள். வன்னியில் 2009க்குப் பிறகு அந்தச் சொல்லை நாங்கள் கேட்டுக் களைத்துப் போனோம். அது திட்டப் பதாகைகளிலும் பயிற்சிப் பட்டறைகளின் வரவுப் பட்டியல்களிலும் இருந்த சொல். இரண்டு நாள் பட்டறையும் மதியச் சோற்றுப் பார்சலும் முடிந்தால் அதுவும் முடிந்துவிடும். அதற்கு வெளியே ஒருவர் மனம் சரியில்லை என்று சொன்னால், ஊர் அவருக்கு விசர் என்று பெயர் வைத்துவிடும். பல்வலிக்குப் பல் வைத்தியரிடம் போய் வந்ததைச் சொல்வதுபோல, இரண்டு பகிடிகளுக்கு நடுவில், நேற்றுப் போனேன், அழுதேன், வரும் வழியில் பசித்தது என்ற தொனியில் அதே சங்கதியை இருவர் கதைப்பதைக் கேட்டபோதுதான், அந்தச் சொல் முதன்முறையாக எனக்கு ஒரு மனிதச் சொல்லாகக் கேட்டது.

வசையைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இந்த நிகழ்ச்சியை வெறும் வாய்த்துடுக்கு என்று ஒதுக்கிவிடுகிறவர்கள் இருப்பார்கள். எங்கள் பாடசாலையில் சில ஆண்டுகளுக்கு முன் தமிழ்த்தினப் போட்டிக்காகக் கூத்துப் பழக்கினார்கள். முல்லைத்தீவுப் பக்கம் கோவலன் கூத்துக்குப் பெயர் பெற்றது. பெண் வேடத்தை ஆண் கட்டுவது அங்கே பரம்பரை வழக்கம், அதில் எவருக்கும் வெட்கமில்லை. பத்தாம் ஆண்டுப் பையன் ஒருவன் மாதவியாக ஆடினான். அவன் கையசைவைப் பார்த்த அண்ணாவியார், கண்ணை மூடிக்கொண்டு தலையாட்டினார். போட்டி முடிந்து இரண்டு தவணைகள் ஆன பின்பும் ஆசிரியர் ஓய்வறையில் அவனுக்கு “மாதவி” என்றுதான் பெயர். அவன் வருகைப் பதிவேட்டை எடுக்க வந்தால் ஒருவர் இடுப்பை ஒடித்துக் காட்டுவார், மற்றவர்கள் சிரிப்பார்கள். நானும் சிரித்திருக்கிறேன். பதிவேட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, சிரிப்பு முடியும்வரை வாசற்படியில் நின்றுவிட்டு, பிறகு போவான்.

டோரியன் கோரியின் கணக்கில் அது வாசிப்பே அல்ல. அந்தப் பையனைப் பற்றி நாங்கள் எதையும் கவனித்துக் கண்டுபிடிக்கவில்லை. அவன் எந்த வகை என்று நாங்கள் நினைத்தோமோ அதையே திருப்பித் திருப்பிச் சொன்னோம். தமிழ்ச் சினிமாவின் நகைச்சுவைக் காட்சிகள் எத்தனை காலமாக இதைச் செய்துவருகின்றன என்று எண்ணிப் பாருங்கள்: நளினமாக நடக்கும் ஓர் ஆண் வருவார், கதாநாயகனின் நண்பர் ‘ஒன்பது’ என்பார், திரையரங்கு சிரிக்கும். அங்கே பகிடியே இல்லை. ஒரு மனிதர் வந்து நிற்பதுதான் பகிடி. ‘த ரீட்’ நிகழ்ச்சியில் அந்த மனிதர்தான் ஒலிவாங்கியை வைத்திருக்கிறார். அவர் சிரிப்பது எவரும் பிறந்த விதத்தைப் பார்த்தல்ல. அவர்கள் கட்டிக்கொண்டு திரியும் பகட்டையும், மேடையில் சொன்ன பொய்யையும், இரவு எட்டு மணிக் கறுப்புக் கண்ணாடியையும் பார்த்துத்தான். தங்களையும் அவர்கள் விட்டுவைப்பதில்லை. எல்லா வாரமும் இந்தத் தரம் காப்பாற்றப்படுகிறது என்று சொல்லமாட்டேன். கோபம் கூடிவிட்ட சில வாரங்களில் அவர்களும் வெறும் திட்டலில் இறங்கிவிடுகிறார்கள். அப்போது எனக்கு ஓய்வறை நினைவுக்கு வரும்.

குறைகள் என்று தொடங்கினால், முதலாவது நீளம். ஓர் அத்தியாயம் ஒன்றரை மணித்தியாலத்தைத் தாண்டிப் பல வேளைகளில் இரண்டைத் தொடும். பஸ்ஸில் போகிறவர்களுக்கு அது வசதி. வீட்டில் வேலை செய்துகொண்டு கேட்கிறவர்களுக்குச் சோறு இரண்டு தடவை குழைந்துவிடும். இரண்டாவது, பியோன்சேக்குக் கொடுக்கப்பட்டிருக்கும் பொதுமன்னிப்பு. எவரையும் விடமாட்டோம் என்கிறவர்கள் ஒருவரை மட்டும் கோயிலில் வைத்துவிட்டால் விமர்சனத்தின் கூர்மை அங்கே மழுங்கிவிடுகிறது. அவர்களும் அதைத் தெரிந்தே, தங்களையே கேலி செய்துகொண்டுதான் செய்கிறார்கள். நடிகரின் கட்டவுட்டுக்குப் பால் ஊற்றுகிற மொழியைப் பேசும் நாங்கள் இந்த நோயைக் குறித்து அதிகம் நொட்டை சொல்ல முடியாது. மூன்றாவது விளம்பரம். நிகழ்ச்சி நடத்துகிறவர்களே வாசிக்கும் அந்த விளம்பரங்கள் பெரும்பாலும் அமெரிக்காவில் இருப்பவர்கள் வாங்கக்கூடிய பொருள்களைப் பற்றியவை. அவற்றைத் தள்ளிவிடலாம், சில வேளைகளில் விளம்பரமே பகிடியாகிவிடும் என்பதால் யோசித்துத் தள்ள வேண்டும்.

நான்காவது, தூஷணம். வசனத்துக்கு ஒன்றென்று வரும். காதுக்குள் மட்டும் கேட்கும்வரை சிக்கலில்லை. ஒரு நாள் கனகராயன்குளம் கடந்து வவுனியாவுக்குப் போகும் வழியில், கைத்தொலைபேசியிலிருந்து ஒலிக்கருவியின் வயர் கழன்றுவிட, கிரிசெல் தன் கோபத்தின் உச்சியில், பஸ் முழுவதற்கும் கேட்கக்கூடியதாகப் பேசத் தொடங்கிவிட்டார். நான் தடவித் தடவி நிறுத்துவதற்குள் ஒரு முழு வசனம் போய்விட்டது. பக்கத்தில் முருங்கைக்காய்க் கட்டை மடியில் வைத்திருந்த அம்மா ஒருவர், என்னைப் பரிவோடு பார்த்தார்.

“பிள்ளை, ஆரோ சண்டை பிடிக்கினமோ?”

“இல்லை அம்மா. பகிடி கதைக்கினம்.”

“பகிடியோ,” என்றார் அவர், நம்பாமல். “அந்தப் பிள்ளைக்கு நல்ல கோவம் வந்திருக்கு. ஆரும் ஏமாத்திப்போட்டாங்கள் போல.”

அந்த வசனத்தில் கிரிசெல் எதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார் என்பதை யோசித்துப் பார்த்தால், அந்த அம்மா ஒரு சொல்லும் விளங்காமலேயே சரியாகப் பிடித்திருந்தார். மொழி தெரியாதவருக்கும் எட்டிவிடுகிற அந்தத் தொனிதான் நிகழ்ச்சியின் மிகப் பெரிய பலம் என்று எழுத நினைத்தேன். அதே தொனிதான், மொழி தெரிந்த வீட்டுக்காரர் முன்னிலையில் இதைக் கேட்க முடியாமல் செய்வதும்.

கேட்பதைப் பற்றி வன்னிக்காரருக்கு எவரும் சொல்லிக் கொடுக்க வேண்டியதில்லை. மின்சாரமும் பற்றரியும் இல்லாத காலத்தில், சைக்கிளைக் கவிழ்த்து வைத்து ஒருவர் மிதியைச் சுற்ற, டைனமோவில் ஓடிய வானொலியைச் சுற்றியிருந்து பி.பி.சி. தமிழோசை கேட்டவர்கள் நாங்கள். சுற்றுகிறவர் களைத்தால் செய்தி மங்கும். அந்தக் காதுகளுக்கு வாய்த்ததெல்லாம் செய்தி, அறிவித்தல், இழப்புப் பட்டியல். இரண்டு பேர் வேறு வேலையில்லாமல் இரண்டு மணித்தியாலம் பகிடி விடுவதைக் கேட்பது, எங்களில் பலருக்கு இன்னமும் கொஞ்சம் கூச்சம் தரும் ஆடம்பரம்தான்.

இப்படியொரு நிகழ்ச்சி தமிழில் எங்கள் பக்கத்திலிருந்து வருமா என்று மச்சாள் கேட்டாள். கேட்பது ரொறன்ரோவிலிருந்து இலகு. இலங்கையின் தண்டனைச் சட்டக்கோவையில், ஆங்கிலேயர் 1883இல் எழுதி வைத்த 365ஆம், 365அ பிரிவுகள் தன்பாலின உறவைக் குற்றமாக்குகின்றன. 1995இல் அந்தச் சட்டத்தைத் திருத்தியபோது அதைத் தளர்த்துவதற்குப் பதிலாகப் பெண்களையும் உள்ளடக்கி விரித்துவிட்டார்கள். அந்தக் குற்றத்தை நீக்குவதற்காகக் கொண்டுவரப்பட்ட தனிநபர் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணானதல்ல என்று உயர்நீதிமன்றம் 2023 மே மாதத்தில் தீர்மானித்தது. ‘த ரீட்’ தொடங்கிய 2013இல் அமெரிக்காவிலும் தன்பாலினத் திருமணம் நாடு முழுவதும் சட்டமாகியிருக்கவில்லை, அது 2015இல்தான் வந்தது என்பதை மச்சாளுக்கு ஞாபகப்படுத்தினேன். அந்த இருவரும் காலம் கனியட்டும் என்று காத்திருந்துவிட்டுத் தொடங்கவில்லை என்று அவள் திருப்பி எழுதினாள். அதற்கு என்னிடம் பதில் இருக்கவில்லை. சட்டம் போனாலும் ஓய்வறை இருக்கும் என்று மட்டும் எழுதினேன்.

இதே பரப்பில் வேறு நிகழ்ச்சிகளும் உண்டு. நியூயோர்க் டைம்ஸ் பத்திரிகைக்காக ஜென்னா வோர்தமும் வெஸ்லி மொரிஸும் 2016 முதல் 2022 வரை நடத்திய ‘ஸ்டில் புரொசெஸிங்’, திரைப்படத்தையும் இசையையும் பற்றிய ஆழமான கட்டுரைக்கு நிகரானது. தூஷணம் குறைவு, சிரிப்பும் குறைவு. சாம் சாண்டர்ஸ், சயீட் ஜோன்ஸ், சக் ஸ்டஃபோர்ட் மூவரும் 2022இல் தொடங்கிய ‘வைப் செக்’, அரசியலையும் இலக்கியத்தையும் சேர்த்துக்கொண்டு அமைதியாக உரையாடும். ஆங்கிலக் கேட்டற்பயிற்சிக்கு என்று கேட்டால் இவ்விரண்டையும் முதலில் சொல்வேன். ‘த ரீட்’ ஆங்கிலம் பாடப்புத்தக ஆங்கிலம் அல்ல; கறுப்பின அமெரிக்கரின் பேச்சுவழக்குக்குத் தனி இலக்கணம் இருக்கிறது என்பதை, மாணவருக்கு வினைச்சொல் வாய்பாடு எழுதிப்போடுகிற நான், முதல் மாதத்தில் சிரமப்பட்டுத்தான் ஒத்துக்கொண்டேன். எங்கள் பேச்சைக் கொச்சை என்று கொழும்பிலோ சென்னையிலோ எவராவது சொன்னால் எனக்கு வருகிற கோபத்தை நினைத்துப் பார்த்தபின் அந்தச் சிரமம் போய்விட்டது.

கேட்க விரும்புகிறவர்களுக்குச் சில நடைமுறைக் குறிப்புகள். பொட்காஸ்ட் செயலிகளில் இலவசமாகக் கிடைக்கிறது. ஒலித்தரம் 128 கிலோபிற் என்று வைத்துக்கொண்டால் ஒரு மணித்தியாலத்துக்கு ஏறத்தாழ 58 மெகாபைட் போகும்; இரண்டு மணித்தியால அத்தியாயம் நூறைத் தாண்டிவிடும் என்பதால், இரவிலேயே தரவிறக்கி வைப்பது நல்லது. ஒட்டுசுட்டான் வீதியில் காட்டுப் பகுதி வந்தால் அலைவரிசை அறுந்துவிடும். கிரிசெல் சொல்லவந்த கடைசிச் சொல் தெரியாமல் இருபது நிமிடம் மரங்களைப் பார்த்துக்கொண்டிருப்பது பெரிய தண்டனை. 2013ஆம் ஆண்டிலிருந்து தொடங்க வேண்டாம். பழைய விடுப்பு, பழங்கஞ்சி. புதிய அத்தியாயமொன்றை எடுத்து நேயர் கடிதங்களிலிருந்து கேளுங்கள். மூன்று அத்தியாயங்களுக்குள் பிடிக்காவிட்டால் விட்டுவிடலாம், பிடித்துவிட்டால் நட்சத்திரங்களின் பெயர்கள் தாமாகவே பழகிவிடும். எனக்கு இப்போது, வாழ்நாளில் ஒரு பாட்டும் கேட்டிராத பாடகர்கள் சிலர்மீது காரணத்தோடு கூடிய கோபம் இருக்கிறது.

முருங்கைக்காய் அம்மாவை அதன்பின் மாங்குளம் சந்தியில் இன்னொரு நாள் கண்டேன். இந்த முறை அவர் மடியில் பூசணிக்காய். என் காதில் வயர் இறுக்கிச் செருகியிருந்தது. நான் வாயைப் பொத்திக்கொண்டு தோள் குலுங்கச் சிரிப்பதைச் சிறிது நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, முழங்கையால் மெல்லத் தட்டினார்.

“என்ன பிள்ளை,” என்றார், “அந்தப் பிள்ளையின்ரை பிரச்சினை தீர்ந்திட்டுதோ?”